அரியலூர் சுண்ணாம்புப் பாறைக்கு முதன்முறை போகிறீர்களா?

அரியலூர்ப் பக்கம் கடல் கிளிஞ்சல் எல்லாம் கல்லாகிக் கிடக்கிறதாமே, போய்ப் பார்க்க என்ன எடுத்துக்கொண்டு போகவேண்டும் என்று கேட்கிறவர்களுக்கு நான் முதலில் சொல்வது, பெரிய பையை வீட்டிலேயே வைத்துவிட்டுப் போங்கள் என்பதுதான்.

நான் முதன்முறை போனபோது ஒரு பள்ளிக்கூடப் பை நிறையப் பொறுக்கிக்கொண்டு வந்தேன். நாற்பது ஐம்பது இருக்கும். சிப்பி, நத்தை, துப்பாக்கித் தோட்டா மாதிரி சில, என்னவென்றே தெரியாத ஓர் உருண்டை. எல்லாவற்றையும் கழுவித் துடைத்து, செருப்பு வாங்கிய அட்டைப்பெட்டியில் பஞ்சு வைத்து அடுக்கி, நிலவியல் படித்த நண்பர் ஒருவரிடம் பெருமையாக நீட்டினேன். அவர் ஒரு சிப்பியை எடுத்துத் திருப்பிப் பார்த்துவிட்டு, "இது எந்த அடுக்குல இருந்துச்சு? மல்லாந்து கெடந்துச்சா, கவுந்து கெடந்துச்சா?" என்றார். எனக்கு எந்த ஊரில் எடுத்தது என்பதே மறந்துபோயிருந்தது. "அப்ப இது வெறும் கிளிஞ்சல்தாங்க" என்று பெட்டியை மூடிக் கையில் கொடுத்துவிட்டார். கோபம்தான் வந்தது. ஆனால் அவர் சொன்னது சரி. அதற்குப் பிறகு போன ஒவ்வொரு தடவையும் பொறுக்குவதைக் குறைத்துக்கொண்டு உட்கார்ந்து பார்ப்பதைக் கூட்டினேன், அப்போதுதான் பாறை பேசவே ஆரம்பித்தது. இந்தக் கட்டுரை அப்படிப் பார்ப்பதற்கான வழிதான்.

முதலில் இடத்தை மனத்தில் போட்டுக்கொள்ளுங்கள்

இன்று அரியலூரிலிருந்து நேர் கிழக்கே கடற்கரைக்கு எண்பது கிலோமீட்டருக்கு மேல் இருக்கிறது. ஆனால் கிரெட்டேசியஸ் காலத்தில், அதாவது 14.5 கோடி ஆண்டு முதல் 6.6 கோடி ஆண்டு வரை முந்தைய அந்த நீண்ட காலத்தின் பிற்பாதியில், கடல் இங்கேயே இருந்தது. அதுவரை அண்டார்க்டிகாவோடு ஒட்டிக்கொண்டிருந்த இந்தியா பிரிந்து விலகியபோது கிழக்கு ஓரம் விரிசல்விட்டுப் பள்ளம் பள்ளமாக இறங்கியது. அப்படி இறங்கிய பள்ளங்களில் ஒன்றுதான் காவிரிப் படுகை. கடல் அதற்குள் ஏறியது, பின்வாங்கியது, மறுபடி ஏறியது. ஒவ்வொரு தடவையும் ஏதோ ஒன்றைப் படியவைத்துவிட்டுப் போனது: ஒரு காலத்தில் களிமண், ஒரு காலத்தில் மணல், தெளிந்த தண்ணீர் நின்ற காலத்தில் சுண்ணாம்பு.

பாடாலூருக்கு மேற்கே போனால் கருங்கல். நூறு கோடி ஆண்டுக்கும் மேற்பட்ட கிழட்டுப் பாறை, அதில் உயிர்த்தடம் எதுவும் தேடாதீர்கள். அங்கிருந்து கிழக்கே நகர நகரத்தான் கடல் படிவுகள் ஆரம்பிக்கும். இங்கே ஒரு சின்ன விஷயத்தைப் புரிந்துகொண்டால் பாதி வேலை முடிந்தது. இந்த அடுக்குகள் கிழக்குப் பக்கமாக லேசாகச் சரிந்து கிடக்கின்றன. ஒரு சீட்டுக்கட்டை மேசையில் வைத்து ஒரு பக்கமாகத் தள்ளி விரித்தால் ஒவ்வொரு சீட்டின் ஓரமும் வரிசையாக வெளியே தெரியுமே, அந்த மாதிரி. மேற்கு ஓரத்தில் அடிச்சீட்டு, கிழக்கு ஓரத்தில் மேல்சீட்டு. ஆகவே ஊட்டத்தூரில் வண்டியை எடுத்துக் கிழக்கே செந்துறை வரை ஓட்டினால், வழியில் மலையும் ஏறவேண்டாம், பள்ளமும் தோண்டவேண்டாம், நாலு கோடி ஆண்டுக்கு மேல் கடந்துவிடுவீர்கள். இந்தியாவில் இவ்வளவு சுலபமாகக் கடல் கிரெட்டேசியஸைப் பார்க்க வேறு நல்ல இடம் எனக்குத் தெரியாது.

இதை முதலில் ஒழுங்காக வரைபடமாக்கியவர் ஹென்றி பிளான்ஃபோர்டு என்ற ஆங்கிலேய நிலவியல்காரர். 1850களின் கடைசியில், தார்ச்சாலையும் இல்லாத காலத்தில், இந்தக் கரிசல் காட்டில் அலைந்து ஊட்டத்தூர், திருச்சினாப்பள்ளி, அரியலூர் என்று ஊர்ப்பெயர்களையே பாறைக் குழுக்களுக்கு வைத்தார். இன்றும் உலகம் முழுக்க நிலவியல்காரர்கள் அந்தப் பெயர்களைத்தான் சொல்கிறார்கள். அவர் சேர்த்துக் கொடுத்த கிளிஞ்சல்களைக் கல்கத்தாவில் உட்கார்ந்து ஒவ்வொன்றாக விவரித்தவர் ஸ்டோலிக்ஸ்கா. இன்றைய செக் நாட்டில் இருக்கிற மொராவியாக்காரர், 1874இல் மத்திய ஆசியாவின் யார்க்கண்டுக்குப் போன பயணத்திலிருந்து திரும்பும் வழியில் லடாக்கில் உயர நோய் வந்து இறந்துபோனார். வரப்போரம் நாம் காலால் எத்திவிடுகிற சிப்பிகளில் பலவற்றுக்கு அறிவியல் பெயர் வந்தது இப்படித்தான்.

எப்போது போவது, எதைக் கொண்டுபோவது

மார்கழி, தை, மாசி. அவ்வளவுதான் நல்ல காலம். வடகிழக்கு மழை ஓய்ந்தபின் போனால், வெயில் தாழ்ந்திருக்கும் என்பதோடு, மழை புதிதாக அரித்துவிட்ட ஓடைக்கரைகளில் போன வருடம் இல்லாததெல்லாம் தலைநீட்டிக்கொண்டிருக்கும். சித்திரையில் போய்விடாதீர்கள். நாம் போகப்போகிற காரை என்ற ஊரின் பொட்டலில் சீமைக் கருவேலத்தைத் தவிர நிழல் கிடையாது, அதுவும் முள்ளோடு சேர்த்துக் கொடுக்கிற நிழல். மழை பெய்துகொண்டிருக்கும்போதும் வேண்டாம். கரிசல் மண் செருப்பில் ஒட்ட ஆரம்பித்தால் ஒரு காலுக்கு ஒரு கிலோ சேர்ந்துவிடும், பைக் சக்கரம் சுற்றாது.

கையில் வேண்டியவை: ஆளுக்கு மூன்று லிட்டர் தண்ணீர், மூடிய ஷூ, தொப்பி, பத்து மடங்கு பெரிதாகக் காட்டும் கைலென்ஸ் ஒன்று, ஒரு பேனாக்கத்தி, ஒரு பழைய பல்துலக்கி, நோட்டு, பென்சில். பேனா வேண்டாம், வியர்வையில் மை ஊறும். சுத்தியல் முதல் பயணத்துக்குத் தேவையே இல்லை. கையில் சுத்தியல் இருந்தால் தட்டத்தான் தோன்றும், பார்க்கத் தோன்றாது. அப்புறம் ஓர் எலுமிச்சம்பழம், அது எதற்கென்று பின்னால் சொல்கிறேன்.

காட்டுக்குள் இறங்கும் முன் அரை நாளை அருங்காட்சியகத்துக்குக் கொடுங்கள். அரியலூருக்கு அருகே வாரணவாசியில் புதைபடிவங்களுக்கென்றே அருங்காட்சியகம் இருக்கிறது, பெரம்பலூர் ஆட்சியர் அலுவலக வளாகத்தில் அம்மோனைட்டுகளுக்கென்று, அதாவது சுருள் ஓட்டோடு கடலில் வாழ்ந்து அழிந்துபோன பிராணிகளுக்கென்று, தனியாக ஒன்று இருக்கிறது. அங்கே பெயர் மனப்பாடம் செய்யவேண்டாம். வடிவத்தை மட்டும் கண்ணில் வாங்கிக்கொள்ளுங்கள்: எது சுருள், எது விசிறி, எது ஐந்து இதழ்ப் பூ, எது தோட்டா. கண் பழகாமல் போனால் எல்லாம் கல்லாகத்தான் தெரியும். பழகியபின் கல்லைப் பார்ப்பதுதான் சிரமம், எல்லாம் கிளிஞ்சலாகத் தெரிய ஆரம்பித்துவிடும். அது வேறு தொல்லை.

காரையில் ஒரு காலைப்பொழுது

சுண்ணாம்புப் பாறையைப் பார்க்கத்தானே வந்தோம், களிமண்ணில் என்ன வேலை என்று கேட்கலாம். சுண்ணாம்பு எப்போது வரும் என்று தெரிய, அது வராத காலம் எப்படி இருந்தது என்று பார்த்துவிடுவது நல்லது. காரைக்கும் கொளக்காநத்தத்துக்கும் இடையே உள்ள பொட்டல் நிலம் அதற்கு ஏற்ற இடம். மழை கீறிக் கீறிச் செங்குத்துச் சந்துகளாக ஆக்கிவைத்த சாம்பலும் மஞ்சளும் செம்பழுப்புமான களிமண், ஏறத்தாழ 10 கோடியிலிருந்து 9 கோடி ஆண்டு வரை முந்தையது. கொஞ்சம் ஆழமான, சேறு மெல்ல இறங்கிக்கொண்டே இருந்த கடலடி.

தரையெல்லாம் பளபளவென்று மின்னும். பார்த்தவுடன் கிளிஞ்சல் என்று குனியாதீர்கள், பெரும்பாலும் அது ஜிப்சம் என்ற மெதுவான தாது. நகத்தால் கீறினால் கோடு விழும். கிளிஞ்சல் ஆகியிருக்கிற கால்சைட் என்ற சுண்ணாம்புத் தாதுவில் நகம் ஏறாது, கத்திதான் ஏறும். இந்த ஒரு சோதனையைக் கற்றுக்கொண்டாலே நூறு தடவை குனிவது மிச்சம்.

தோட்டா மாதிரி தேன்நிறத்தில் கிடப்பது பெலம்னைட். கணவாய் மீனுக்குள்ளே வெள்ளையாக ஓர் ஓடு இருக்குமே, மீன் கழுவுகிறவர்கள் எடுத்துத் தனியே போடுவார்கள், அந்தக் கணவாயின் தூரத்துச் சொந்தக்காரப் பிராணியின் உள்ளோடுதான் இது. உடைந்த முனையை லென்ஸில் பாருங்கள், நடுப்புள்ளியிலிருந்து வண்டிச் சக்கரத்தின் ஆரக்கால் மாதிரி படிகங்கள் கிளம்பியிருக்கும். சுருள் சுருளாக வருவது அம்மோனைட். வீட்டுப் பூஜையில் சாளக்கிராமம் வைத்திருப்பவர்களுக்கு இது புதிதாக இருக்காது. கண்டகி ஆற்றிலிருந்து வரும் சாளக்கிராமத்துக்குள் இருப்பதும் இதன் இனம்தான், காலம்தான் இன்னும் முந்தையது.

அங்கே ஆடு மேய்த்துக்கொண்டிருந்த ஒரு பெரியவர் என்னை நெடுநேரம் பார்த்துவிட்டு, "என்ன தம்பி, எதாச்சும் தொலைச்சுட்டீங்களா?" என்றார். சொன்னேன். "அட, அந்தத் தோட்டாக் கல்லா? மழை விட்ட மறுநா காலைல வாங்க. வெயில் சாய்வா அடிக்கும்போதுதான் கண்ணுக்கு அம்புடும். உச்சி வெயில்ல வந்து தேடுனா எப்புடி?" என்று சிரித்தார். இதைவிட நல்ல ஆலோசனை எந்தப் புத்தகத்திலும் நான் படிக்கவில்லை. காலை எட்டு மணிக்குள் இறங்கிவிடுங்கள், சூரியன் உங்கள் முகத்துக்கு எதிரே இருக்கும்படி நடங்கள்; சின்ன மேடு எல்லாம் நிழலோடு எழுந்து நிற்கும்.

காரையிலிருந்து பக்கத்தில் சாத்தனூர். அங்கே கல்மரம் கிடக்கிறது. 18 மீட்டர் நீளம். கடலுக்கு அடித்துவரப்பட்டு அடியில் மூழ்கிப் புதைந்த மரம். 1940இல் எம். எஸ். கிருஷ்ணன் கண்டுபிடித்தது, பின்னாளில் இந்திய நிலவியல் ஆய்வுத்துறைக்கு முதல் இந்தியத் தலைவரானவர் அவர். வேலி போட்டிருக்கிறது, கால் மணி நேரம் போதும். கருடமங்கலம் வழியாகப் போனால் நத்தையும் சிப்பியும் நெருக்கமாக அடைந்த கெட்டியான சுண்ணாம்புக் கல்லைப் பார்க்கலாம். மெருகேற்றினால் அழகாக இருக்கும் என்பதால் ஆங்கிலேயர் காலத்தில் இதற்குத் திருச்சினாப்பள்ளி மார்பிள் என்றே பெயர். மார்பிள் இல்லை, அது வேறு சமாசாரம்.

தெற்கே கல்லக்குடிப் பக்கம் பவளமும் பாசியும் சேர்ந்து கட்டிய பழைய சுண்ணாம்பு இருக்கிறது. சிமெண்ட் ஆலை முதலாளி பெயரில் டால்மியாபுரம் என்று இருந்த ரயில் நிலையப் பலகை மீது கல்லக்குடி என்று ஒட்டிக் கருணாநிதி தண்டவாளத்தில் படுத்தாரே, 1953இல், அதே கல்லக்குடிதான். அந்த ஆலை அங்கே வந்ததற்குக் காரணம், பத்துக் கோடி ஆண்டுக்கு முன்னால் அங்கே வளர்ந்த பவளத்திட்டு. ஆலை இல்லையென்றால் அந்தப் பெயரும் இல்லை, போராட்டமும் இல்லை. அப்படிப் பார்த்தால் தமிழக அரசியலில் பவளத்துக்கும் ஒரு பங்கு உண்டு!

கல்லங்குறிச்சி: இங்கேதான் நேரம் செலவழிக்கவேண்டும்

அரியலூரிலிருந்து ஐந்தாறு கிலோமீட்டர். கலியுக வரதராசப் பெருமாள் கோவிலைச் சொன்னால் யாரும் வழி காட்டுவார்கள். அந்தச் சுற்றுவட்டாரத்தில்தான் கல்லங்குறிச்சிச் சுண்ணாம்புப் பாறை, ஏறத்தாழ 7 கோடி ஆண்டு வயது. அரியலூர் சிமெண்ட் ஊரானதற்கு இதுதான் முதல் காரணம்.

சுரங்கங்களைப் பற்றி முதலிலேயே கண்டிப்பாகச் சொல்லிவிடுகிறேன். ஓடுகிற மைன்ஸுக்குள் எழுத்துமூல அனுமதி இல்லாமல் கால் வைக்காதீர்கள். கல்லூரி வழியாகவோ குழுவாகவோ முன்கூட்டியே எழுதிக் கேட்டால் கிடைப்பதுண்டு. ஹெல்மெட்டும் பளிச்சென்ற மேல்சட்டையும் போடச் சொல்வார்கள், போடுங்கள். வெடி வைக்கும் நேரத்தைக் கேட்டுத் தெரிந்துகொள்ளுங்கள். வெட்டிய சுவரின் அடியில் உட்காரவே கூடாது, கிளிஞ்சல் எவ்வளவு அழகாக இருந்தாலும். கைவிட்ட குழிகள் இன்னும் மோசம்: பச்சைத் தண்ணீர் நிறைந்து குளம் மாதிரி தெரியும், ஆனால் படிக்கட்டு கிடையாது, இரண்டாவது அடியிலேயே ஆழம். அங்கே இறங்கிக் குளிக்கிறவர்கள் எல்லா வருடமும் செய்தித்தாளில் வருகிறார்கள்.

அனுமதி கிடைக்காவிட்டால் மனம் தளரவேண்டியதில்லை. வயல் வரப்புகளைப் பாருங்கள். உழும்போது ஏர்க்கொழுவில் தட்டுப்படுகிற கல்லையெல்லாம் விவசாயிகள் பொறுக்கி வரப்பில் குவித்திருப்பார்கள், அதில் பாதி சிப்பியாக இருக்கும். நிலத்துக்காரரிடம் ஒரு வார்த்தை கேட்டுவிட்டு இறங்குங்கள். ஓடைக்கரைகள், ரோட்டோர வெட்டுகள், கிணறு வெட்டிய மண்மேடு, இவையெல்லாம் இருக்கவே இருக்கின்றன.

முதலில் இது சுண்ணாம்புதானா என்று பாருங்கள். கத்தியால் கீறினால் வெள்ளைப் பொடி விழவேண்டும். அந்தப் பொடிமீது எலுமிச்சம்பழத்தை இரண்டு சொட்டுப் பிழியுங்கள், காதை அருகே கொண்டுபோனால் சன்னமாகச் சுர்ரென்று ஒரு சத்தம், லென்ஸில் பார்த்தால் குட்டிக் குட்டிக் குமிழ். கல்லிலிருந்து கரியமில வாயு கிளம்புகிறது. நிலவியல்காரர்கள் நீர்த்த ஹைட்ரோகுளோரிக் அமிலம் வைத்திருப்பார்கள், அதில் பொங்கிவிடும். நமக்கு எலுமிச்சை போதும், மிச்சத்தைத் தண்ணீரில் பிழிந்து குடித்துக்கொள்ளலாம். கழிப்பறை கழுவும் ஆசிட்டைப் பாட்டிலில் ஊற்றிக்கொண்டு வராதீர்கள், வந்த ஒருவரின் பேண்ட்டை நான் பார்த்திருக்கிறேன்.

இப்போது அடுக்கைப் படிப்போம். அடியில் மணலும் கூழாங்கல்லும் கலந்து இருக்கும், கடல் மறுபடி ஏறிவந்த புதிதில் கரையை அரித்துக் கொட்டியது. அதற்கு மேலே மணல் குறைந்துகொண்டே போய்ச் சுண்ணாம்பு கூடும். ஆற்றுச் சேறு கலங்காத, வெளிச்சம் அடிவரை இறங்குகிற ஆழமில்லாத கடலில்தான் இவ்வளவு சிப்பி பெருகும். ஆகவே இந்தப் பாறை இருப்பதே, அப்போது கரையிலிருந்து வண்டல் வரத்து குறைந்திருந்தது என்பதற்குச் சாட்சி.

கீழ்ப்பகுதியில் அதிகம் தெரிவது இனோசெராமஸ். பெரிய தட்டையான சிப்பி, முழுசாகக் கிடைப்பது அபூர்வம், துண்டுகள்தான். உடைந்த ஓரத்தைப் பாருங்கள்: ஓட்டின் குறுக்கே ஊசி ஊசியாகப் படிகங்கள் நெருக்கி நிற்கும், ஈர்க்குச்சிக் கட்டை வெட்டினது மாதிரி. இதைப் பார்த்துவிட்டால் ஒரு விரல்நகத் துண்டை வைத்துக்கூட இனோசெராமஸ் என்று சொல்லிவிடலாம்.

அதற்கு மேலேதான் கிரைஃபியா. அடேயப்பா, எவ்வளவு! ஒன்றின்மேல் ஒன்றாக, கால் வைக்க இடமில்லாமல். இன்றைய ஆளிச் சிப்பியின் இனம். ஒன்றைக் கையில் எடுங்கள். உள்ளங்கை நிறையும், எதிர்பார்த்ததைவிடக் கனக்கும். ஒரு பக்கம் கிண்ணம் மாதிரி குழிந்து தடித்திருக்கும், மறு பக்கம் சப்பையான மூடி. கிண்ணத்தின் ஓரம் பரோட்டாவைப் பிய்த்த மாதிரி ஏடு ஏடாக இருக்கும், ஒவ்வொரு ஏடும் அது வளர்ந்த ஒரு கட்டம். பல்துலக்கியால் மண்ணைத் தட்டிவிட்டு வெளிப்புறத்தைப் பாருங்கள். குண்டூசி குத்திய மாதிரி துளைகள் இருந்தால் அது கடற்பஞ்சு துளைத்த வீடு. புழு போட்ட வளைந்த குழாய் ஒட்டியிருக்கலாம், குட்டிச் சிப்பி ஒன்று உட்கார்ந்திருக்கலாம், வலைத்துணியை ஒட்டவைத்தது போல் பிரையோசோவா என்ற, கூட்டமாக வாழும் நுண்ணிய கடற்பிராணி படர்ந்திருக்கலாம். அந்தக் காலத்துச் சேற்றுத் தரையில் கால் ஊன்றக் கெட்டியான இடம் வேறு இல்லை, ஆகவே செத்த சிப்பியின் முதுகுதான் எல்லோருக்கும் குடியிருப்பு.

இப்போது என் நண்பர் கேட்ட கேள்வி. இந்தப் பிராணி உயிரோடு இருந்தபோது கிண்ணப்பக்கம் கீழாக, சேற்றில் பாதி அமிழ்ந்து, மூடி மேலாகக் கிடந்தது. பாறையில் அதே மாதிரி, மூடியும் கழலாமல் மல்லாந்து இருந்தால், அது வாழ்ந்த இடத்திலேயே செத்துப் புதைந்தது. மூடி இல்லாமல் குவிந்த முதுகு மேலாகக் கவிழ்ந்து கிடந்தால், செத்தபின் நீரோட்டம் புரட்டிப் போட்டது. கவிழ்ந்த கிண்ணத்தை ஓடுகிற தண்ணீர் மறுபடி எளிதில் புரட்டாது, சமையலறைத் தொட்டியில் ஒரு குழம்புக் கிண்ணியை வைத்து நீங்களே பார்க்கலாம். எல்லாம் நொறுங்கி, பெரிசும் சிறிசுமாகத் தாறுமாறாகக் கலந்து கிடந்தால் புயல். ஒரே சுவரில் ஒரு முழம் உயரத்துக்குள் இந்த மூன்றையும் அடுத்தடுத்து நான் பார்த்திருக்கிறேன்: அமைதியான பல வருடங்கள், பிறகு ஒரு புயல் நாள், மறுபடி அமைதி. கிளிஞ்சலைப் பிடுங்கி எடுத்தவுடன் போய்விடுவது இந்தக் கதைதான், கிளிஞ்சல் போவதில்லை.

சுமார் பத்து கிரைஃபியாவை மல்லாந்தது, கவிழ்ந்தது என்று எண்ணி நோட்டில் குறியுங்கள். பத்து நிமிட வேலை. அதுதான் உங்கள் முதல் ஆய்வு.

இன்னொரு சந்தேகமும் எல்லோருக்கும் வரும்: சிப்பி மட்டும் ஓட்டோடு முழுசாக இருக்கிறது, நத்தையும் சங்கும் ஏன் ஓடில்லாமல் உள்வார்ப்பாக மட்டும் கிடைக்கின்றன? ஓடு செய்த பொருள் வேறு. சிப்பியின் ஓடு பெரும்பாலும் கால்சைட், நத்தையுடையது அரகோனைட். இரண்டும் ஒரே கால்சியம் கார்பனேட்தான், ஆனால் அரகோனைட் நிலத்தடி நீரில் சீக்கிரம் கரைந்துவிடும். கொழுக்கட்டை அச்சை எடுத்துவிட்டால் உள்ளே இருந்த மாவு மட்டும் வடிவத்தோடு நிற்குமே, அப்படி நத்தைக்குள் புகுந்து இறுகிய சேறு மட்டும் சுருளாக நிற்கிறது. ஆகவே இங்கே சிப்பி அதிகம் தெரிவதால் அந்தக் கடலில் சிப்பிதான் அதிகம் என்று உடனே முடிவு கட்டிவிடாதீர்கள். தாக்குப்பிடித்தது அதிகம், அவ்வளவுதான்.

கடைசியாக, பாறையின் வெயில்பட்டுத் தேய்ந்த மேற்பரப்பில் ஒரு சாண் இடத்தைத் தேர்ந்துகொண்டு லென்ஸை வைத்துக் கால் மணி நேரம் நகராமல் பாருங்கள். கொள்ளுப் பருப்பு மாதிரி வட்ட வட்டமாகத் தெரிவது ஃபோராமினிஃபெரா, ஒற்றைச் செல் உயிர் கட்டிய வீடு. மாவு மாதிரி தெரிந்ததெல்லாம் கிளிஞ்சல் பொடியாக மாறிவிடும். நாம் குடியிருக்கிற வீட்டுத் தூணில் இருப்பதும் இதுதான், இடித்துப் பொடியாக்கி 1,450 டிகிரி சூளையில் வேகவைத்தது.

கல்லமேடு, முட்டைக் கதை, நின்னியூர்

கிழக்கே கல்லமேட்டில் கடல் விலகி ஆற்று மணல் வந்துவிடும். இங்கே 1987இல் யாதகிரி, அய்யாசாமி இருவரும் பிரம்மாண்டமான டைனோசர் எலும்புகளை விவரித்து பிருஹத்காயோசாரஸ் என்று பெயர் வைத்தார்கள். முதலில் ஊனுண்ணி என்று நினைத்தார்கள், பிறகு நீண்ட கழுத்துள்ள தாவர உண்ணி என்று கருத்து மாறியது. எலும்புகளோ உளுத்து நொறுங்கிப் போய்விட்டன. அப்படியானால் பேச்சு முடிந்ததா? இல்லை. பழைய களப் புகைப்படங்கள் 2022இல் வெளியானபின் மறுபடி விவாதம் சூடுபிடித்தது. பொருள் போய்விட்டது, எங்கே எப்படிக் கிடந்தது என்ற பதிவு இருந்ததால் அறிவியலும் நடக்கிறது.

முட்டை விஷயத்தில் ஜாக்கிரதை. 2020இல் பெரம்பலூர் மாவட்டம் குன்னத்தில் ஏரியில் மண் எடுக்கும்போது பெரிய பெரிய உருண்டைகள் வந்தன, டைனோசர் முட்டை என்று வாட்ஸப் முழுக்கப் பரவியது. நிபுணர்கள் பார்த்துவிட்டு அம்மோனைட்டைச் சுற்றி உருவான படிவு என்றார்கள். சேற்றுக்குள் கிடக்கும் ஓர் அம்மோனைட்டையோ சிப்பியையோ சுற்றித் தாதுப்பொருள் இறுகிக்கொண்டே வந்தால் உருண்டையாகிவிடும். நீங்கள் உருண்டை பார்த்தால் முதலில் அப்படித்தான் நினைக்கவேண்டும், முட்டை என்று கடைசியாக நினைக்கலாம்.

நின்னியூர், செந்துறைப் பக்கம் மறுபடி சுண்ணாம்பு. பார்வைக்குப் பழையது போலத்தான் இருக்கும், ஆனால் அம்மோனைட் ஒன்றுகூடக் கிடையாது, கிரெட்டேசியஸ் முடிவில் டைனோசர்களோடு அவையும் அழிந்துவிட்டன. 6.6 கோடி ஆண்டு எல்லை கல்லமேட்டுக்கும் இதற்கும் நடுவே எங்கோ தாண்டிப் போய்விட்டது. கோடு போட்டுக் காட்டுகிற மாதிரி எதுவும் இருக்காது, புளியமரமும் முந்திரிக்காடும்தான் இருக்கும்.

நோட்டு எழுதுவது

ஒவ்வொரு இடத்திலும் ஐந்து விஷயம் எழுதுங்கள்: தேதி, போனில் காட்டும் இட அளவு, ஊர்ப்பெயரும் பக்கத்து அடையாளமும், பாறையின் நிறமும் மணியின் பருமனும், கிளிஞ்சல் எப்படிக் கிடந்தது. புகைப்படம் எடுத்தால் பக்கத்தில் ஒரு ரூபாய் நாணயமோ பென்சிலோ வையுங்கள். அளவு தெரியாத படம் யாருக்கும் பயன்படாது. அடுக்கு எந்தப் பக்கம் சரிகிறது என்று சந்தேகம் வந்தால் பாறைப்பரப்பில் கொஞ்சம் தண்ணீர் ஊற்றுங்கள், அது ஓடுகிற திசைதான் சரிவு. ஒரு தடவை பார்த்து நம்பாதீர்கள், நாலைந்து இடத்தில் ஊற்றுங்கள், இங்கே சரிவு அவ்வளவு லேசு.

பாதுகாக்கப்பட்ட இடத்திலிருந்தோ மைன்ஸிலிருந்தோ எதையும் எடுக்காதீர்கள். வரப்பில் கிடப்பதை நிலத்துக்காரர் சம்மதத்தோடு ஒன்று எடுத்தால் அங்கேயே சீட்டு எழுதி, கல்லோடு சேர்த்து மடித்து வையுங்கள், ராத்திரி எழுதிக்கொள்ளலாம் என்று விட்டால் மறந்துபோகும். என் மேசையில் இப்போது இருப்பது ஒன்றே ஒன்று. சீட்டில் இருப்பது: "கல்லங்குறிச்சிக்கு வடக்கே, சோளக்கொல்லை வரப்பு, கிணற்று மண்மேட்டிலிருந்து. மஞ்சள் சுண்ணாம்பு. இருந்த நிலை தெரியாது." தெரியாததையும் எழுதத்தான் வேண்டும். அந்தச் செருப்புப் பெட்டி பரண்மேல் இருக்கிறது, போன வருடம் பக்கத்து வீட்டுப் பையன் மீன் தொட்டிக்கு அடியில் போட இரண்டு கைப்பிடி கேட்டான், கொடுத்துவிட்டேன்.